கரடிக்கு அத்தான் முகம்

தூரிகையை டீக் குவளைக்குள் முக்கிவிட்டு, "போச்சு, இதுவும் போச்சு" என்கிறார் டெல்பின் பிகெட்டி. அப்புறம் அந்த டீயையே குடித்தும் விடுகிறார். பள்ளிப் பேருந்து ஓட்டுவது அவர் வேலை. காலையில் பிள்ளைகளை இறக்கிவிட்டு, ஏரிக்கரையில் வண்டியை நிறுத்தி, ஹீட்டரைப் போட்டுக்கொண்டு, ஸ்டீயரிங்மேல் பலகையைச் சாய்த்து வரைவார். சாயம் தீர்ந்தால், பிங்கோ விளையாட்டுச் சீட்டில் பொட்டு வைக்கும் மைக்குப்பியை எடுத்துக்கொள்வார். அவருடைய வாத்துகளுக்கு ஊதாக் கால்கள் வாய்த்தது அப்படித்தான்.

ஆட்களைப் பார்த்துத்தான் விலங்குகளை வரைவார். எங்கள் கிரீ பழங்குடி ஊரில் சுட்டிக்காட்ட விரலைத் தேடுவதில்லை, உதடு போதும். கடை வரிசையில் நிற்கும்போது உதட்டைக் குவித்து, "அந்தா பாரு, ஒரு முயல் மாவு வாங்குது" என்பார்.

அவர் படம் போட்ட கதைப்புத்தகம் இந்த வருடம் அச்சாகி வந்தது. எல்லா விலங்குகளும் குளிர்காலத்துக்குச் சேர்த்த மீனுக்குக் காவல் இருந்த கரடி, அத்தனையையும் தின்றுவிட்டுப் பழியைச் சாம்பல் குருவிமேல் போட்டது. அதனால்தான் இன்றும் குளிர் முழுக்கப் பட்டினியாகத் தூங்குகிறது என்ற கதை. கரடிக்கு டெல்பின் வைத்தது அக்கா புருஷன் ஹொரேஸின் முகம். அதே பாதி மூடிய இடது கண், அதே சரிந்த தோள், அதே தொப்பை.

அத்தானும் கொழுந்தியாளும் ஒருவரையொருவர் வாராமல் இருந்தால்தான் ஊர் சந்தேகப்படும். ஆனால் போன வசந்தத்தில் அக்கா லீனா இறந்ததிலிருந்து ஹொரேஸ் கதவைச் சாத்திக்கொண்டார். டெல்பின் என்ன கிண்டல் செய்தாலும் பதில் வராது. கரடியைக் கொஞ்சம் சிரிக்கவைக்கச் சொல்லிப் பதிப்பகத்திலிருந்து போன் வந்தபோது, "அவரு சிரிச்சாத்தானே நான் வரைய முடியும்?" என்று வைத்துவிட்டார்.

பனி விழாமல் இந்தக் கதைகளைச் சொல்லக்கூடாது என்பது ஊர் வழக்கம். அதுவரை புத்தகப் பெட்டி பிரிக்காமலே பேருந்தில் கிடந்தது. முதல் பனி விழுந்த காலை, பிள்ளைகள் நிறைந்த வண்டியை ஹொரேஸ் வீட்டு வாசலில் நிறுத்தி, அவர் வெளியே வரும்வரை ஹார்னை அழுத்தினார்.

"காது கிழியுது! என்னதான் வேணும் உனக்கு?"

"ஏறுங்க அத்தான். குளிர் உள்ள வருது."

ஏறி முன்சீட்டில் உட்கார்ந்தவர் கையில் டெல்பின் புத்தகத்தைக் கொடுத்தார். வரைந்தபோது வராத பயம் அவருக்கு இப்போது வந்தது. ஹொரேஸ் ஒவ்வொரு பக்கமாகத் திருப்பி, கரடியிடம் வந்து நின்றார்.

"இது யாரு?"

"கரடி!" என்று மொத்த வண்டியும் கத்தியது.

"எந்தக் கரடி?"

பின்சீட்டிலிருந்து ஒரு பொடிசு மட்டும், "நீங்கதான் தாத்தா" என்றது.

ஹொரேஸ் புத்தகத்தை மூடினார். டெல்பினை ஏற இறங்கப் பார்த்தார்.

"தொப்பையை இவ்வளவு பெருசாவா போடுவ, கொழுந்தியா?"

"பாதிதான் போட்டேன் அத்தான். மீதிக்குத் தாள்ல எடம் இல்ல."

முதலில் அவர் தோள் குலுங்கியது. பிறகு சிரிப்பு பீறிட்டது. கூடவே பிள்ளைகளும் சேர்ந்துகொள்ள, வண்டியே ஆடியது. கண்ணைத் துடைத்துக்கொண்டு, "லீனா பாத்திருந்தா, ரெண்டு பேர்ல கரடிதான் அழகுன்னிருப்பா" என்றார்.

டெல்பின், பிள்ளைகளுக்குத் தன் முகம் தெரியாதபடி, தலைக்கு மேலிருந்த கண்ணாடியைக் கூரைப்பக்கம் திருப்பிவிட்டார்.