ஒப்பந்தத்தைப் போட்டுப் பார்த்த தையல்காரி

படிக்கத் தெரியாத மாமியாரை ஏமாற்றிக் கைநாட்டு வாங்கி, என் மருமகள் வீட்டைத் தொலைத்துவிட்டாள் என்று சொல்கிறவள் என் எதிரே வந்து சொல்லட்டும். தெருவே 'ரேடியோ' என்று பேர் வைத்திருக்கும் எதிர்வீட்டுக்காரி முந்தாநாள் இதைத்தான் ஒலிபரப்பிக்கொண்டிருந்தாள். நேரே போய் நின்றேன். "அடியே, என் கட்டைவிரலைப் பத்தி உனக்கென்ன கவலை? அது என் கையோடதானே இருக்கு!" என்றேன். வாயை மூடிக்கொண்டாள், அன்றைக்கு மட்டும்.

வீடு என் பேரில் இருக்கிறது. மருமகள் தையல்காரி. முன்னறையில் ஒரே மிஷினோடு இருந்தவள், பள்ளிச் சீருடை ஆர்டர் கிடைத்ததும் இன்னும் ஆறு மிஷின் வாங்க வங்கியில் கடன் கேட்டாள். வீட்டுப் பத்திரத்தை ஈடாகக் கொடுத்தோம். தெரிந்துதான் கைநாட்டு வைத்தேன். இரண்டாம் வருடம் ஆர்டர் வேறு ஆளிடம் போயிற்று, தவணை நின்றது. வங்கி வழக்குப் போட்டதோடு, ஏல நோட்டீஸையும் கதவில் ஒட்டிவிட்டுப் போனது. மகன் லாரி ஓட்டுகிறவன், எங்கேயோ ஒரு ஊரிலிருந்து போனில், "என்னம்மா பண்ணப் போறீங்க?" என்று கேட்கத்தான் அவனால் முடிந்தது.

நீதிபதி எங்களைச் சமரச மையத்துக்கு அனுப்பினார். சின்ன அறை, வட்ட மேஜை, ஓடாத கடிகாரம். எதிரே வங்கி அதிகாரி, நடுவில் சமரசம் பேசி வைக்கும் ஒரு அம்மா. மூன்று தடவை உட்கார்ந்தோம். அபராத வட்டி தள்ளுபடி, நாலு மிஷினை விற்று ஒரு பகுதியை உடனே கட்டுவது, மீதியை மூன்று வருடத்தில் கட்டுவது என்று பேச்சு முடிந்தது. அதிகாரி தாளையும் பேனாவையும் நீட்டினார்.

இங்கே என் மருமகளின் குணத்தைச் சொல்ல வேண்டும். தலை போகிற அவசரமானாலும் அவள் கடைசித் தையலைப் போட மாட்டாள். பிரிக்கிற மாதிரி போட்ட ஓட்டுத்தையலோடு துணி கொடுத்தவரை உடுத்தச் சொல்லி, கையைத் தூக்கு, குனி, உட்காரு என்று படுத்திவிட்டுத்தான் விடுவாள்.

"சார், முதல்ல எங்க அத்தைக்குப் படிச்சுக் காட்டுங்க. அப்புறம் நான் போட்டுப் பாக்கணும்."

"இது என்ன சட்டையாம்மா?"

"சட்டைன்னா பிரிச்சுத் தைச்சுடுவேன் சார். இது கோர்ட்டுல பதிஞ்சுட்டா பிரிக்க முடியாதுல்ல?"

சமரச அம்மா சிரித்துக்கொண்டே வரிவரியாகப் படித்தார். மருமகள் ஒவ்வொன்றாகக் கேட்டாள்.

"ஒரு மாசம் கை இறுக்கமாகித் தவணை தவறிட்டா?" பதினைந்து நாள் அவகாசம் இருந்தது.

"முன்னாடியே கட்டி முடிச்சுட்டா?" அதற்குத் தனிக் கட்டணம் இல்லை என்று இருந்தது.

"சரி, எல்லாம் கட்டியாச்சு. பத்திரம் எப்ப கைக்கு வரும்?"

சமரச அம்மா தாளைத் திருப்பினார். மறுபடி திருப்பினார். அந்த வரியே இல்லை. ஏல நோட்டீஸைத் திரும்பப் பெறுவதாகவும் ஒரு சொல் இல்லை.

"வழக்கமா குடுத்துடுவோம்மா" என்றார் அதிகாரி.

"வழக்கமா குடுக்கறதை எழுதறதுக்கு என்ன தம்பி வலிக்குது?" என்று கேட்டுவிட்டேன். மேஜைக்கடியில் மருமகள் என் காலை மிதித்தாள். மிதித்தால் மிதிக்கட்டும்.

அதிகாரி வெளியே போய் அரைமணி நேரம் போனில் பேசினார். புதுத் தாள் வந்தது. ஏலம் ரத்து, கடைசித் தவணை கட்டிய முப்பது நாளுக்குள் பத்திரம் எங்கள் கையில் என்று அதில் இருந்தது. இவள் விடுவாளா? முதல் வரியிலிருந்து மறுபடி படிக்கச் சொன்னாள். கேட்டு முடித்த பிறகுதான், "இப்ப வைங்க அத்தை" என்றாள்.

மதியம் நீதிபதி எங்கள் சம்மதத்தைக் கேட்டு, ஒப்பந்தத்தைப் பதிவு செய்து, அதையே தீர்ப்பாக்கினார். கோர்ட்டு வாசல் கதவருகே மருமகள் பையைத் துழாவி, சீருடைத் துணித் துண்டு ஒன்றை எடுத்து என் விரல் மையைத் துடைத்துவிட்டாள்.

"மிச்சம் மூணு மிஷின் இருக்கு. வாங்க அத்தை, வேலை கிடக்கு" என்றவள், கதவைத் தள்ளிக்கொண்டு முன்னால் நடந்தாள்.