மருதப்பன் எடுக்கவிடாத சொல்

என் வீட்டுக்காரர் மருதப்பனுக்குத் துறைமுகத்தில் வேலை. கப்பலின் மேல்தட்டில் நின்று கை காட்டுவார்; அதைப் பார்த்துத்தான் இயந்திரக்காரன் மூட்டைகளை இறக்குவான். கீழே நிற்பவர்களின் தலை தப்புவது இவரால்தான். அந்தத் திமிர் வீட்டிலும் கொஞ்சம் உண்டு.

அறுபத்து மூன்றாம் வருஷம் எங்கள் மகள் கமலாவுக்கும் அவளோடு ஆஸ்பத்திரியில் வேலை பார்த்த ஆரோக்கியத்துக்கும் வெற்றிலை பாக்கு மாற்றினோம். கல்யாணம் மாப்பிள்ளை வீட்டு முறைப்படி தேவாலயத்தில், இங்கிலீஷில். சிராங்கூன் ரோட்டில் பட்டுப்புடவை எடுத்தாகிவிட்டது. கமலா மணமேடையில் சொல்ல வேண்டிய உறுதிமொழியை எங்கள் குவீன்ஸ்டவுன் வீட்டில் சொல்லிப் பார்த்தாள். அதில் ‘பிளைட்’ என்று ஒரு சொல் வந்தது. விமானமில்லை, இது வேறு. அர்த்தம் கேட்டார் இவர். வாக்குக் கொடுப்பது என்றாள். அதற்குத்தான் ‘பிராமிஸ்’ இருக்கிறதே, இது எதற்கு என்றார். அவளுக்குத் தெரியவில்லை. தெரியாத சொல்லை என் மகள் சபையில் சொல்ல மாட்டாள், தெரிகிறவரை கல்யாணமே இல்லை என்று உட்கார்ந்துவிட்டார். பிடித்தால் குரங்குப்பிடிதான்.

கமலா ஸ்டாம்ஃபோர்ட் ரோட்டு நூலகத்தில் பெரிய அகராதியைப் புரட்டிவிட்டு வந்தாள். அன்று சம்பந்தியம்மாளும் வீட்டில் இருந்தார். அது வழக்கொழிந்த வினைச்சொல்லாம். ஆயிரம் வருஷத்துக்கு முன்னால் அதன் வேருக்கு ஆபத்து என்று பொருளாம். பிளைட் செய்வதென்றால், வாக்குத் தவறினால் வரும் கேட்டுக்கு என்னையே பணயம் வைக்கிறேன் என்று சொல்வதாம்.

சம்பந்தியம்மாள் வேதக்காரர்தான், ஆனாலும் தமிழச்சியல்லவா? நல்ல காரியத்தில் ஆபத்தா, பாதிரியாரிடம் சொல்லி அதை எடுத்துவிடுவோம் என்றார். நானும் தலையாட்டினேன். கல்யாண வீட்டில் யாராவது தும்மினாலே பயப்படுகிறவள் நான்.

இவர் எழுந்து நின்றார். “எடுக்க வேணாம், சம்பந்தியம்மா. நான் கை காட்டுனா கீழ நாலு பேரு உசுரு. தப்பா காட்டிட்டா அப்புறம் நான் மனுஷனே இல்ல. வாக்குன்னா அதுதான். ரெண்டு பேரும் இதையே சொல்லட்டும்.”

அவர் சொன்னபடியே நடந்தது. தேவாலயத்தில் ஆரோக்கியம் அந்தச் சொல்லை நிறுத்தி, அழுத்திச் சொன்னான். கமலா அவனைவிட உரக்கச் சொன்னாள். எனக்குப் பெருமை தாங்கவில்லை.

பக்கத்தில் முணுமுணுப்புக் கேட்டது. இங்கிலீஷ் வாயில் நுழையாத மனுஷன், அந்த ஒரு சொல்லை மட்டும் சொல்லிக்கொண்டிருந்தார். யாருக்குச் சொல்கிறீர்கள் என்று கேட்டேன்.

“உனக்குத்தான். நம்ம கல்யாணத்துல எங்கிட்ட யாரும் வாக்குக் கேக்கலயே.”

பதிலுக்கு நானும் சொன்னேன், கொஞ்சம் சத்தமாகவே. பாதிரியார் திரும்பிப் பார்த்தார்.