மழைச்சோற்றில் பாடிய மலையாளப் பாட்டு

பொம்மிடியில் ரயில்வே கேங்கு ஆட்கள் குடியிருந்த லைன் வீடுகளில் எங்கள் வீட்டுக்கும் அவள் வீட்டுக்கும் நடுவே ஒரே சுவர். அவள் மலையாளத்துக்காரி. அவள் புருஷனும் என் புருஷனும் தண்டவாள வேலை.

மழை பெய்தால் அவள் ஒரு பாட்டுப் பாடுவாள். அவள் ஊரில் அதை ஆம்பிளைகள்தான் பாடுவார்களாம். மழை விடும்வரை உன்னோடு இருக்கட்டுமா என்று ஒருவன் கேட்கிற பாட்டு. இவள் அதைப் பெண் பாடுவதாக மாற்றிக்கொண்டாள். நீ விட்டால் அவன் போய்விடுவான், விடாதே மழையே என்று. அர்த்தத்தை எனக்குச் சொன்னாள். கற்றுக்கொள்ள ஆசைப்பட்டேன். வேறு எதற்கும் நான் அப்படி ஆசைப்பட்டதில்லை. மழையில்லாமல் அவளுக்குப் பாட்டு வராது. இரண்டு அடிதான் பிடித்திருந்தேன்.

யுத்த காலத்தில் ஒரு வருஷம் மழையே இல்லை. ஊர்ப் பெண்கள் மழைச்சோறு எடுத்தார்கள். வீடு வீடாக உப்பில்லாத களி வாங்கி, ஊர் எல்லையில் உட்கார்ந்து தின்று, மழை கேட்டு அழுது பாடுவது. நான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம். பாட்டை முழுசாகக் கேட்டுவிடலாம் என்று, அவளுக்கு மழைப் பாட்டு தெரியும் என்றேன்.

“வேண்டாக்கா, அது அழற பாட்டில்லை” என்றாள் அவள்.

“மழைன்னு வருதில்ல? பாடுடி. உன்னை என்ன கச்சேரிக்கா கூப்புட்டோம்?” என்றாள் கவுண்டர் வீட்டு அம்மா.

பாடினாள். முதல் அடி முடிவதற்குள் எல்லாரும் மாரடித்து அழுதார்கள். அந்தச் சத்தத்தில் எனக்கு ஒன்றும் கேட்கவில்லை.

மழை வரவில்லை. பாட்டுக்கு என்ன அர்த்தம் என்று என்னைப் பிடித்துக் கேட்டார்கள். சொல்லிவிட்டேன்.

“அடிப்பாவி, ஆம்பிளையக் கூப்புடற பாட்டையா எல்லையில பாடுனா? மழையே வெக்கப்பட்டு ஓடிப்போயிருக்கும்” என்றாள் ஒருத்தி.

என்னை யாரும் ஒன்றும் சொல்லவில்லை. அவள் கிணற்றுக்கு வந்தால்தான், “மழைக்காரி வர்றா, குடையப் புடிங்கடி” என்று சிரித்தார்கள்.

ஐப்பசியில் மழை கொட்டியது. சுவரோரம் உட்கார்ந்தேன். அந்தப் பக்கம் பாத்திரம் உருட்டும் சத்தம்தான்.

“பாடலயா?” என்று சுவரைத் தட்டினேன்.

“மறந்துபோச்சுக்கா.”

எத்தனை மழைக்குக் கேட்டாலும் அதே பதில்.

பிறகு அவள் புருஷனுக்கு மாற்றல் வந்தது. ஸ்டேஷனுக்குப் போனேன். “அந்த அர்த்தத்தை ஊருக்கு நான்தான்...” என்று ஆரம்பித்தேன்.

“அக்காவுக்கு மட்டுந்தானே சொன்னேன்” என்றாள்.

வண்டி வந்துவிட்டது.