உள்பக்கம் செவ்வாய், வெளிப்பக்கம் வியாழன்

ஊரில் அவளைப் புரூஃப் அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். வாரப் பத்திரிகை நடத்துகிற வீட்டுக்கு மருமகளாக வந்தாள். வந்த வாரமே மாமனார் மை காயாத தாள் ஒன்றை நீட்டி, "இதைக் கொஞ்சம் பாரும்மா, எனக்குக் கண்ணு மங்குது" என்றார். அன்றைக்குப் பிழை திருத்தக் குனிந்த தலை, நிமிரவேயில்லை.

பத்திரிகைக்கு நான்கு பக்கம். ஒரே தாள், நடுவில் மடிப்பு. முன்னறையில் இருந்த மெஷின் ஒரு நேரத்தில் தாளின் ஒரு புறத்தைத்தான் அடிக்கும். செவ்வாய்க்கிழமை உள்பக்கங்கள்: சந்தை விலை, பள்ளிக்கூடச் செய்தி, குறுக்கெழுத்து. புதன் முழுக்க அவை கொடியில் தொங்கிக் காயும். வியாழக்கிழமை தாளைத் திருப்பி வெளிப்பக்கங்கள்: விபத்து, மரணம், தண்ணீர் வராத தெரு. வெள்ளி காலை முதல் பஸ்ஸில் டிரைவர் சீட்டுக்குப் பின்னால் கட்டுகள் ஏறிவிடும்.

மாமனார் இறந்தது ஒரு வியாழக்கிழமை விடியற்காலை. "பெரியவர் கடைசி வரைக்கும் நேரம் தவறல, வெளிப்பக்கத்துக்குச் சரியா வந்துட்டார்" என்றார் மெஷின்காரர். அழுதுகொண்டிருந்தவர்கள்கூடச் சிரித்துவிட்டார்கள். அவள் சிரிக்கவில்லை. உள்ளறையில் இறப்புச் செய்தியைப் பிழை பார்த்துக்கொண்டிருந்தாள்.

அப்புறம் கணவர் ஆசிரியரானார். எழுதுவார், எழுதியதைத் திரும்பிப் பார்க்க மாட்டார். "நீ பாத்தா நான் பாத்த மாதிரிதானே" என்பார். தாள் கிடைக்காத வருடம் மளிகைக்கடைப் பழுப்புக் காகிதத்தில் அடித்தார்கள். ஈய எழுத்து போய் கம்ப்யூட்டர் வந்தது. மகள் பிறந்ததும், படித்ததும், கல்யாணமாகிப் போனதும் ஏதாவது இரண்டு வெள்ளிக்கிழமைகளுக்கு நடுவில்தான்.

அவள் கண்ணுக்கு வரிகள் ஒன்றன்மேல் ஒன்று ஏற ஆரம்பித்து வெகுநாளாயிற்று. ஆபரேஷன் செய்துகொண்டால் சில வாரம் எதுவும் படிக்கக் கூடாது என்றிருந்தார் கண் டாக்டர். ஒவ்வொரு முறையும் ஏதோ ஓர் இதழ் குறுக்கே நின்றது. தேர்தல், வெள்ளம், ஆண்டு மலர். கடைசியில் ஒரு புதன்கிழமை டாக்டர் திட்டவில்லை. விளக்கை அணைத்துவிட்டு, "இன்னொரு தடவை தள்ளிப் போட்டா, நான் பண்றதுக்கு எதுவும் மிச்சம் இருக்காதும்மா" என்றார். அடுத்த வாரம் திங்கட்கிழமை வரச் சொன்னார்.

வீட்டுக்கு வந்து, செருப்பைக்கூடக் கழற்றாமல் சொன்னாள்.

"நிறுத்திடலாங்க."

கணவர் கொடியில் காய்கிற தாள்களைப் பார்த்தபடி இருந்தார். ஒன்றைத் தொட்டு ஈரம் பார்த்துவிட்டு, "சரி, நீயே எழுதிக் கொடு" என்றார்.

முதல் பக்கத்தில், கட்டம் கட்டி: இந்த இதழோடு பத்திரிகை நிற்கிறது. இதுவரை வாங்கிப் படித்தவர்களுக்கு நன்றி. அறிவிப்பில் பிழை எதுவும் இல்லை. வெள்ளிக்கிழமை மத்தியானம் அவள் தூங்கினாள்.

சனிக்கிழமை காலையிலேயே முடிவெட்டும் கடைக்காரர் வந்து நின்றார்.

"என்னக்கா, முதல் பக்கத்துல கடையை மூடிட்டீங்க. மூணாம் பக்கத்துல குறுக்கெழுத்துக்குக் கீழ 'விடை அடுத்த வாரம்'னு போட்டிருக்கு. எதைத்தான் நம்புறது?"

அவள் தாளை வாங்கி முகத்தோடு ஒட்டிப் பிடித்துப் பார்த்தாள். உள்பக்கம் செவ்வாய்க்கிழமையே அடித்து முடிந்தது. முடிவு எடுத்தது புதன்கிழமை.

மருந்துக்கடைக்காரர் வந்தார். ஓய்வு பெற்ற கண்டக்டர் வந்தார். ஏன் நிறுத்துகிறீர்கள் என்று ஒருவரும் கேட்கவில்லை. "நிறுத்துறது உங்க இஷ்டம்மா. மேலிருந்து கீழ் ஏழாவதை மட்டும் சொல்லிட்டு நிறுத்துங்க" என்றார் கண்டக்டர். வந்தது வந்தோம் என்று ஒருவர் ஆடு காணாமல் போன செய்தியையும், இன்னொருவர் வாடகைக்கு வீடு இருப்பதையும் எழுதிக் கொடுத்துவிட்டுப் போனார்கள்.

"வாயால சொல்லி அனுப்பிடுங்களேன்" என்றாள் கணவரிடம்.

"வாயால சொன்னா அது விடையா? அச்சுல வரணும்." பிறகு அவள் முகத்தைப் பார்க்காமல், "ஒரே ஒரு இதழ். டாக்டர்கிட்ட ஒரு வாரம் மட்டும்..." என்று இழுத்தார்.

"திங்கக்கிழமை நான் போறேன். அங்கேயிருந்து பொண்ணு வீட்டுக்கு. புரூஃப் நீங்க பாத்துக்குங்க."

"நானா?"

"எழுதத் தெரிஞ்சவருக்குப் படிக்கத் தெரியாதா?"

வெள்ளிக்கிழமை முதல் பஸ்ஸில், பத்திரிகைக் கட்டுகளோடு கட்டாக, அவர் மகள் வீட்டுக்கு வந்து சேர்ந்தார். அவள் ஒரு கண்ணில் கட்டுடன் படுத்திருந்தாள். மை வாடையை வைத்தே யார் என்று தெரிந்தது. அவர் சட்டைப்பையிலிருந்து கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டு, கேட்காமலேயே படிக்கத் தொடங்கினார். ஆடு சரியாக இருந்தது. வாடகை வீடு சரியாக இருந்தது. அவர் குரலில் கொஞ்சம் தெம்பு ஏறியது.

"குறுக்கெழுத்து விடைகள். இடமிருந்து வலம் ஒன்று, ஆமை. நாலு, கடிவாளம்..."

"இருங்க" என்றாள். "ஆமை போன மாசமே வந்தாச்சு."

தாள் சலசலத்தது. வேறு வாரத்து விடையை எடுத்துப் போட்டிருந்தார். வாசற்படியில் நின்ற மகள் புடவைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மறுபடி மாட்டிக்கொண்டார்.

"அப்ப அடுத்த வாரமும் ஒண்ணு போட்டாகணும்" என்றார், மெதுவாக.

"போடுங்க."

அவள் கட்டுப் போட்ட கண் அழுந்தாமல், சுவர்ப்பக்கமாக ஒருக்களித்துப் படுத்தாள்.

"என்கிட்ட மட்டும் படிச்சுக் காட்டாதீங்க."