பணத்தைக் கண்டு ஓடியவர்

எங்கள் அந்தோணி அண்ணன் வாழ்க்கையில் ஒரு காக்காவைக்கூட நிமிர்ந்து பார்த்ததில்லை. அவர் போன வாரம் கோடியக்கரைக்குப் பறவை பார்க்கப் போய்விட்டார். தனியாக. செல்போனை அணைத்துவிட்டு.

எனக்கு உடனே புரிந்துவிட்டது... கலியபெருமாள் சிங்கப்பூரிலிருந்து வந்துவிட்டான்.

கொஞ்சம் பின்னால் போய்ச் சொல்கிறேன். அந்தோணி அண்ணன் என் பெரியப்பா மகன். விருப்ப ஓய்வு என்று சொல்லி ஒரு தொகையைக் கையில் கொடுத்து ஆட்களை வீட்டுக்கு அனுப்பினார்களே, அப்போது கம்பெனி வேலையை விட்டுப் பூதலூருக்கு வந்தவர். கையில் பணம் இருந்தது, வீடு இல்லை. கலியபெருமாள் எங்கள் தெருப் பையன். அவனுக்கு வீடு இருந்தது, சிங்கப்பூர் ஏஜென்ட்டுக்குக் கட்டப் பணமில்லை. இரண்டு பேரையும் சேர்த்துவைத்த புண்ணியவதி நான்தான்.

அண்ணனிடம், வட்டிக்குக் கொடுங்களேன் என்றேன். காதைப் பொத்திக்கொண்டார்.

"வட்டியா? நம்ம குடும்பத்துல அந்தப் பாவம் கெடையாதும்மா. ஒத்திக்கு வேணா எடுத்துக்கிறேன்."

ஒத்தி தெரியும்தானே? பணத்தைக் கொடுத்துவிட்டு அந்த ஆள் வீட்டில் குடியேறிவிட வேண்டியது. வீட்டுக்கு வாடகை இல்லை, பணத்துக்கு வட்டி இல்லை. பணம் திரும்பி வருகிற அன்று சாவியைக் கொடுத்துவிட வேண்டும். சரி, கொடுக்காமல் மிச்சம் பிடிக்கும் அந்த வாடகை வட்டி இல்லாமல் வேறு என்ன? கேட்டேன். "அது வேற, இது வேற" என்றார் அண்ணன்.

அவரைச் சொல்லிக் குற்றமில்லை. வட்டி என்பது ஆதியிலிருந்தே ஊர் கூடித் திட்டிக்கொண்டே வாங்கும் சமாச்சாரம். அசலை மிஞ்சி வட்டி போகக் கூடாது என்றது பழைய தர்ம சாஸ்திரம். வட்டியே பாவம் என்று பல நூற்றாண்டு சொன்னது எங்கள் திருச்சபை. இஸ்லாமும் கூடாது என்றது. வெள்ளைக்காரன் வந்தான் — உச்சவரம்பெல்லாம் வேண்டாம், அவரவர் பேசிக்கொள்ளட்டும் என்றான். அப்புறம் அவனே பயந்துபோய், அநியாய வட்டியைக் கோர்ட் குறைக்கலாம் என்று இன்னொரு சட்டம் போட்டான். நம் காலத்தில் கந்துவட்டிக்குத் தடை. சட்டம் ஒரு கதவைச் சாத்தினால், வட்டி சட்டையை மாற்றிக்கொண்டு அடுத்த கதவால் வருகிறது. நெல்லாக வரும், மீட்டர் வட்டியாக வரும். ஒத்தியாக வந்து கொல்லைத் தென்னையில் இளநீர் வெட்டிக் குடிக்கும்.

போன வாரம் கலியபெருமாள் என் வாசலில் வந்து நின்றான். தோளில் ஒரு பை. உள்ளே அண்ணன் கொடுத்த தொகை முழுசாக. தங்கைக்குக் கல்யாணம், வெள்ளிக்கிழமை பந்தக்கால்.

"எங்கப்பா கட்டுன வீட்டு வாசல்லதான் நடணும்க்கா. இத்தன வருஷமா அம்மாவும் தங்கச்சியும் வாடகை வீட்டுல கெடந்துச்சுங்க. இந்த ஒரு நாளுக்காகத்தான் நான் போனதே" என்றான். குரல் கடைசியில் உடைந்துவிட்டது.

பணம் கை மாறினால்தானே சாவி கை மாறும்? வாங்க வேண்டியவரைக் காணோமே!

அவர் மனைவி ரோசலின் அண்ணியைக் கேட்டோம். "எங்க போறேன்னு ஒருத்தர்கிட்டயும் சொல்லக் கூடாதுன்னு சொல்லிட்டுத்தான் போனாரு" என்றவர், அதே மூச்சில், "கோடியக்கரை. உப்பளத்துப் பக்கம் பூநாரை வந்திருக்காம்" என்றார். பாவம், அண்ணி பாத்திரங்களை அட்டைப்பெட்டியில் கட்டியேவைத்திருந்தார்.

மறுநாள் ஒரு வாடகை சுமோவில் போனோம். உப்பளத்து வரப்பில் அண்ணன் நின்றார், கழுத்தில் யாரிடமோ இரவல் வாங்கிய பைனாகுலர். அன்றைக்கு அதில் அவருக்குத் தெளிவாகத் தெரிந்த முதல் ஜீவன்கள் நாங்களாகத்தான் இருக்கும். அவ்வளவுதான்... அறுபது வயதுக்காரர், பிளட் பிரஷருக்கு மாத்திரை போடுகிறவர், வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு ஓட்டம் பிடித்தார்.

பின்னாலேயே கலியபெருமாள். "அண்ணே, நில்லுங்கண்ணே. பணத்த வாங்கிக்கிட்டு ஓடுங்கண்ணே." அவனுக்குப் பின்னால் செருப்பைக் கையில் பிடித்தபடி நான்.

உப்பு வாரிக்கொண்டிருந்த ஒரு பெண்மணி வேலையை நிறுத்திவிட்டு என்னைக் கேட்டார். "அந்தப் பெரியவரு எவ்ளோ தரணும்?"

"அவர் தர வேண்டாம்மா. அவருக்குத்தான் வரணும்."

"அப்பறம் எதுக்கு அவரு ஓடுறாரு?"

நின்று விளக்கம் சொல்ல நேரமில்லை. சிரிப்பு வேறு. விலா வலிக்க ஓடினேன்.

அடுக்கிவைத்திருந்த உப்பு மூட்டை மேல் அண்ணன் தொப்பென்று உட்கார்ந்தார். "நான் ஒங்கிட்ட கேட்டனா தம்பி? நீயே வச்சிக்க. ஒரு மனை வாங்கிப் போடு" என்றார். உலகத்தில் எந்தக் கடன்காரனுக்காவது இப்படி ஒரு கெஞ்சல் கிடைத்திருக்குமா?

"வீடு வேணும்ணே" என்றான் அவன்.

அண்ணன் பையையே பார்த்தார். "நீ போறப்ப இது ஒரு வீட்டு ஒத்திக்குப் போதுமா இருந்துச்சு. நீங்கள்லாம் வெளிநாட்டுக் காசக் கொண்டாந்து கொட்டி வெலய ஏத்திட்டீங்க, இன்னிக்கு இதுக்கு ஒரு ரூம்கூட எவனும் தர மாட்டான். நானும் ஒங்க அண்ணியும் எங்கப்பா போவோம்?"

என் சிரிப்பு நின்றுவிட்டது. கொடுத்த தொகை முழுசாகத்தான் வந்திருக்கிறது, ஆனால் பாதி கரைந்து வந்திருக்கிறது. வட்டி என்ற ஒன்றை மனிதன் எதற்காகக் கண்டுபிடித்தான் என்பது எனக்கு அந்த உப்பளத்தில்தான் விளங்கியது.

கலியபெருமாள் அவர் பக்கத்தில் உட்கார்ந்தான். "தங்கச்சி போயிடும். நானும் சிங்கப்பூர் போயிடுவேன். அம்மா தனியா இருக்கும். கல்யாணம் முடிஞ்சதும் பின்கட்டு ரெண்டு ரூம்ல நீங்களும் அண்ணியும் வந்து இருங்க. வாடகைக்கு."

"வாடகைக்கா?"

"ஆமாண்ணே. சுத்தமா வாடகை. வட்டி கிட்டி எதுவும் கலக்காம."

அண்ணன் அவனை ஒரு பார்வை பார்த்தார். பிறகு பையை வாங்கி மடியில் வைத்துக்கொண்டார். பூநாரையை ஒருவரும் பார்க்கவில்லை.

கல்யாணம் முடியும்வரை அண்ணனும் அண்ணியும் எங்கள் வீட்டு மாடியில். வெள்ளிக்கிழமை காலை கலியபெருமாள் வீட்டு வாசலில் பந்தக்கால் நட்டார்கள். அவன் அம்மா மஞ்சள் பூசிவிட்டு, தன் வீட்டு நிலைப்படியைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். குழியில் மண்ணைத் தள்ளி மிதித்து இறுக்கியது யார் தெரியுமா? எங்கள் அந்தோணி அண்ணன்தான்.

காலைக் கழுவிக்கொண்டு வந்தவர் என்னை ஓரமாகக் கூப்பிட்டார். சுற்றுமுற்றும் பார்த்தார்.

"ஏம்மா, பேங்க்ல போட்டா சீனியர் சிட்டிசனுக்கு அரை பர்சென்ட் கூடத் தர்றாங்களாமே?"

"அரை பர்சென்ட் எதுண்ணே?"

"அதாம்மா... அது."

பாவத்தின் பெயரை மட்டும் கடைசிவரை அவர் வாயால் சொல்லவில்லை!