வாய்க்கால் படியில் விட்ட செருப்பு

டாக்டரம்மா என்றதும் எனக்கு முதலில் நினைவுக்கு வருவது, வாய்க்கால் படியில் அவர் கழற்றிவிட்ட ஒரு ஜோடி ரப்பர் செருப்பு. கால்நடை மருத்துவ வண்டிக்கு நான் ஓட்டுநர். தூத்துக்குடியில் கடலோரத் தெருவில் பிறந்து வளர்ந்த அவர், ஸ்ரீவைகுண்டம் பக்கத்து வயல்காட்டு ஊர்களுக்கு மாற்றலாகி வந்திருந்தார். ஊர்க்காரர்களுக்கு வாய் சும்மா இருக்குமா? மீனுக்கு ஊசி போடுகிறவர் மாட்டுக்கு என்ன பார்க்கப் போகிறார் என்று டீக்கடையில் ஒரே சிரிப்பு.

அன்று போனது என் சித்தி வீட்டு எருமையைப் பார்க்க. சாதுவாக இருந்த எருமை திடீரென்று கிட்டே போனவர்களை எல்லாம் முட்டியது; கறக்கவும் விடவில்லை. கிறுக்குப் பிடித்துவிட்டது என்று ஊரே தீர்ப்புச் சொல்லிவிட்டது. அடிமாட்டு வியாபாரியின் லோடு ஆட்டோ வாசலில் வந்து நின்றிருந்தது. அந்த எருமைப் பாலை நம்பித்தான் சித்தி வீட்டில் அடுப்பு எரிந்தது. "எப்படியாவது காப்பாத்திக் குடுங்கம்மா" என்று டாக்டரம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள்.

எங்கள் வழக்கம் வேறு. ஆண்களாகச் சேர்ந்து கயிறு வீசி, "ஏலே புடி, அமுக்கு" என்று கத்தி, மாட்டைச் சாய்த்து ஊசி குத்திவிட்டு ஓடிவருவோம். கயிறோடு வந்தவர்களை டாக்டரம்மா திருப்பி அனுப்பினார். "அவுத்து விடுங்க. அது என்ன செய்யுதுன்னு பாப்போம்" என்றார். சித்தி எட்ட நின்றே முளைக்கயிற்றை அவிழ்க்க, எருமை நேரே வாய்க்காலுக்குப் போய்க் கழுத்தளவு தண்ணீரில் படுத்தது. இவரோ படியில் உட்கார்ந்து அதையே பார்த்துக்கொண்டிருந்தார். இதற்கா இவ்வளவு படித்தார் என்று நான் மனசுக்குள் புலம்பினேன். ஒரு மைனா வந்து எருமையின் இடது காதைக் கொத்தியது. அது கண்ணை மூடிச் சுகமாகக் கிடந்தது. மைனா வலது காதுக்குத் தாவியதுதான் தாமதம், தலையை வீசி விரட்டியது.

"கிறுக்கு இல்ல. அந்தக் காது வலிக்கி. தரையில ஆளக் கண்டா மிரளுது, தண்ணிக்குள்ள பயமில்லாம இருக்கு" என்று சொல்லிச் செருப்பைக் கழற்றிவிட்டுச் சுடிதாரோடு இறங்கினார். கரையிலிருந்த ஒரு பெரியவர் விடவில்லை. "என்ன டாக்டரம்மா, மீனுக்கு வைத்தியமா?"

"ஆமா அண்ணாச்சி, இன்னைக்கு இதான் நம்ம மீனு!"

இடது பக்கமாகவே போய் முதுகைச் சொறிந்துகொடுத்தார். கை மெல்லக் கழுத்துக்கும், பிறகு வலது காதடிக்கும் நகர்ந்தது. எருமை பெருமூச்சு விட்டதே ஒழிய அசையவில்லை. சட்டென்று கையை உயர்த்திக் காட்டினார். விரல் நீளக் கருவேல முள், சீழோடு! அங்கேயே மருந்து வைத்து, ஊசியும் போட்டுவிட்டார். கரையில் சித்தி குலவையே போட்டுவிட்டாள். நான் விசிலடித்தேன். லோடு ஆட்டோ காலியாகத் திரும்பிப் போனது. அடுத்த முறை போனபோது அந்த எருமைப் பாலில் கெட்டியாகக் காபி குடித்தோம்.

டாக்டரம்மா இப்போது மாற்றலாகித் தூத்துக்குடி மில்லர்புரத்தில் இருக்கிறார். போன வாரம் அதே ஊருக்கு, முட்டுகிற வேறொரு எருமையைப் பார்க்கப் புது டாக்டரை அழைத்துப் போனேன். ஒருவர் கையிலும் கயிறு இல்லை. எருமை ஏற்கெனவே வாய்க்காலில் கிடந்தது. பளபளக்கும் ஷூவோடு படியில் தயங்கி நின்ற டாக்டரிடம், அன்று கேலி பேசிய அதே பெரியவர் வந்து சொன்னார்:

"அத அங்கன கழட்டிப் போட்டுட்டு எறங்குங்க சார். எங்க டாக்டரம்மா அப்படித்தான் செய்வாவ."