பலமுறை செத்த நடிகையும் பவுனம்மாவின் ஒப்பாரியும்

பிள்ளைகளே, உங்கள் அப்பா என்ன வேலை பார்த்தார் என்று யாராவது கேட்டால், சினிமாவுக்கு ஆள் பிடித்துக் கொடுத்தார் என்று தைரியமாகச் சொல்லுங்கள். திண்டுக்கல் பக்கம் ஷூட்டிங் வந்தால் சந்தைக் கூட்டம், திருவிழாக் கூட்டம் எல்லாம் நான்தான் லாரியில் கொண்டுபோய் இறக்குவேன். எங்களுக்கு ஏஜென்ட் என்று பெயர்.

தொண்ணூறுகளின் கடைசியில் ஓர் இங்கிலாந்து கம்பெனி படமெடுக்க வந்தது. நம் ஊருக்கு வைத்தியம் பார்க்க வந்து, இங்கேயே இறந்துபோகும் ஒரு நர்ஸின் கதை. நர்ஸாக நடித்த அம்மாவை நாங்கள் மேடம் என்போம். அந்த ஊர் டிவியில் இருபது வருடமாகச் சின்னச் சின்ன வேஷம் கட்டியவர். படத்தில் பெரிய வேஷம் கிடைத்தது இதுதான் முதல் தடவை.

"பொம்பளைங்க வேணும்" என்று மட்டும் கம்பெனியில் சொன்னார்கள். சேவுகம்பட்டியில் மல்லிகைப்பூ எடுக்கும் பெண்களை அழைத்துப்போனேன். அவர்களுக்குத் தலைவி பவுனம்மா. அங்கே போய் இறங்கினால் கட்டில், மாலை, ஊதுபத்தி. மேடம் கண்ணை மூடிப் படுத்திருக்கிறார். எல்லோரும் ஒப்பாரி வைக்க வேண்டுமாம்.

பவுனம்மா என்னைப் பிடித்துக்கொண்டார்.

"ஏப்பா ஏஜென்ட்டு, கூட்டத்துல நிக்கணும்னுதான சொன்ன? உசுரோட இருக்குற மகராசிய படுக்க வச்சு எழவு கொட்டச் சொல்றியே, வெளங்குமா?"

மெட்ராஸிலிருந்து வந்திருந்த அசிஸ்டென்ட் டைரக்டர் தம்பிக்கு வியர்த்துவிட்டது. "அண்ணே, சாயங்காலம் கொடைரோட்டுல மேடத்துக்கு ட்ரெயின். இன்னைக்கு விட்டா அவங்க சாவு சீனே படத்துல இல்ல. மொத்தப் படத்துலயும் அவங்களுக்கு அதான் பெரிய சீன்."

மேடம் எழுந்து உட்கார்ந்து என்னவென்று கேட்டார். தம்பி சொன்னதும் சிரித்துவிட்டார். அவர் பேசப் பேசத் தம்பி தமிழில் சொன்னார். டிவியில் அவருக்கு வந்ததெல்லாம் சாகிற வேஷமாம். குளத்தில் விழுந்து, விஷம் குடித்து, கல்யாண வீட்டில் கத்திக்குத்து வாங்கி, எத்தனையோ விதமாகச் செத்திருக்கிறாராம்.

"அம்புட்டுத் தடவையா? இவ மூஞ்சியப் பாத்து எமனுக்கே சலிச்சுப் போயிருக்கும்டி!" என்றார் பவுனம்மா. பெண்களெல்லாம் சிரித்தார்கள். பிறகு, "சரி, அப்பல்லாம் அழுதது யாரு?" என்று கேட்டார்.

"யாரும் அழமாட்டாங்களாம். இவங்க விழுந்த உடனே போலீஸ் வந்து, யாரு கொன்னதுன்னு விசாரிக்கப் போயிருமாம். இவங்க எந்திரிச்சுச் சாப்பிடப் போயிருவாங்களாம்."

பவுனம்மாவின் சிரிப்பு நின்றது. "அழ ஒரு நாதியில்லாமயா செத்துக்கிட்டுக் கெடந்துச்சு இந்தப் புள்ள?" முந்தானையை இழுத்துச் செருகினார். "அழுகுறோம். ஆனா ஒரே தடவதேன். முடிஞ்சதும் நான் சுத்திப் போட்டு, என் கையால சோறு ஊட்டித்தேன் அனுப்புவேன்."

டைரக்டர் ஒத்துக்கொண்டார். இரண்டு கேமரா ஓடியது.

"கப்பலேறி வந்தவளே, கட்டிலோட போறியே... காச்சலுக்கு மருந்து தந்து, கண்ண மூடிக்கிட்டியே..."

திடீரென்று டைரக்டர் கத்தினார். பிணத்தின் கண்ணோரத்தில் தண்ணீர் வழிகிறது!

"பொணம் அழுதா ஷாட் வேஸ்ட்டும்மா. இன்னொரு தடவை..." என்றார் தம்பி.

"ஒரு சாவுக்கு ஒரு அழுகதேன்" என்ற பவுனம்மா, கம்பெனிச் சமையல்காரரிடம் வாங்கி வைத்திருந்த உப்பையும் மிளகாயையும் எடுத்து, மேடத்தின் தலையைச் சுற்றிவிட்டார்.

"நீங்க அழவேண்டாம். மேடம் மட்டும் சும்மா படுக்கட்டும், முகத்தை க்ளோசப் எடுத்துக்கறோம்."

"சுத்திப் போட்டாச்சுப்பா. இனி படுத்தா ஆகாது."

தம்பி அதையும் மேடத்துக்குச் சொன்னார். இருபது வருடம் காத்திருந்து கிடைத்த சீன். மேடம் கட்டிலைப் பார்த்தார். பவுனம்மா தன் தூக்குவாளியிலிருந்து எடுத்துக் கையில் உருட்டி வைத்திருந்த சோற்றைப் பார்த்தார். வாயைத் திறந்தார்.

சில வருடம் கழித்து அந்தப் படத்தை சிடியில் பார்த்தேன். சாவு சீனில் மேடத்தின் முகமே இல்லை. இரண்டாவது கேமரா எடுத்ததை வைத்து ஒப்பேற்றியிருந்தார்கள். கட்டிலில் இரண்டு பாதங்கள், சுற்றிலும் நம் பெண்களின் முகங்கள். அதைப் பார்த்தவர்கள் அழாமல் எழுந்திருக்க மாட்டார்கள்.

அன்றிலிருந்து யாரைக் கூப்பிட்டாலும், லாரியில் ஏற்றுவதற்கு முன்பே என்ன சீன் என்று சொல்லிவிடுவேன். நீங்களும் எந்த வேலைக்கு ஆள் அழைத்தாலும் அப்படிச் செய்யுங்கள். அடுத்த தடவை பவுனம்மாவிடம், "சாவு சீன்க்கா, அழணும், வாரீகளா?" என்று கேட்டேன்.

"வாரோம். சாகப்போறவளுக்குச் சோறு ஆக்கணுமா, கம்பெனியிலயே உண்டா?" என்றார்.